இடுப்பு வலிக்கு எம்ஆர்ஐ எடுக்கப் போகிறீர்களா? என் 1,840 டாலர் போன கதையைப் படித்துவிட்டுப் போங்கள்

அமெரிக்காவில் இருக்கிற நம் ஆட்கள் யாராவது இடுப்பு வலி என்று ஸ்பைன் கிளினிக் பக்கம் போவதாக இருந்தால் முதலில் இதைப் படியுங்கள். நேற்று என் கிரெடிட் கார்டிலிருந்து ஒரு கிளினிக் 1,840 டாலரை எடுத்துவிட்டது. முன்கூட்டி ஒரு ஃபோன் இல்லை, ஒரு மெசேஜ் இல்லை. கார்டு ஆப்பைத் திறந்தபோதுதான் எனக்கே தெரியும். ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை.

இடுப்பில் ஆரம்பித்த வலி இடது தொடையின் வெளிப்பக்கமாக இறங்கி, முழங்காலுக்குக் கீழே சுண்டி இழுத்து, கால் கட்டைவிரலில் மரத்துப்போய் நின்றது. குடும்ப டாக்டர் சொன்னபடி இபுப்ரோஃபென் சாப்பிட்டேன். வேறொரு இடத்தில் ஆறு வாரத்துக்கும் மேல் பிசியோதெரபி செய்தேன். அதிலும் அடங்காததால்தான் இந்த கிளினிக்குக்குப் போனேன். இதையெல்லாம் அங்கே கொடுத்த ஃபார்மில் எழுதினேன், டாக்டரிடம் வாயாலும் சொன்னேன்.

டாக்டர் நன்றாகத்தான் பார்த்தார், அதை மறைக்க மாட்டேன். படுக்க வைத்து இடது காலை நீட்டியபடியே தூக்கினார். பாதி உயரம் கூட வரவில்லை, வலி பாதம் வரை பாய்ந்தது. அப்புறம் கட்டைவிரலை மேலே தூக்கச் சொல்லி, தன் விரலால் அதைக் கீழே அழுத்தினார். வலது விரல் தாங்கியது. இடது விரல் அழுத்தின உடனே மடங்கிவிட்டது. "நரம்பு அழுத்தப்படுகிறது, எம்ஆர்ஐ பார்த்துவிடலாம்" என்றார். ஸ்கேன் மெஷினும் அவர்கள் கட்டடத்திலேயே இருக்கிறது.

வெளியே முன் மேசையில் இருந்த பெண் என் பெயரைப் பார்த்ததும் தமிழில் பேச ஆரம்பித்துவிட்டார். "அண்ணா, நீங்க ஒண்ணும் டென்ஷன் ஆகாதீங்க. இன்சூரன்ஸ் அப்ரூவல் எல்லாம் நாங்களே வாங்கிடுவோம். உங்க பிளான்ல இது கவர் ஆகும்." அத்தனை வலியில், ஊரை விட்டு இவ்வளவு தூரத்தில், ஒருத்தர் அண்ணா என்று கூப்பிட்டுப் பொறுப்பாகப் பேசினால் மனசு இளகத்தானே செய்யும்? கோபேவுக்காக (விசிட்டுக்கு நம் பங்காகக் கட்டும் தொகை) மட்டும் கார்டைக் கொடுங்கள், சிஸ்டத்தில் இருக்கட்டும் என்றார். டேப்லெட்டை நீட்டினார், விரலால் கையெழுத்துப் போட்டேன். அதற்குள் என்ன இருந்தது என்பதை யாரும் சொல்லவில்லை. கேட்டபோது "வழக்கமான ஃபார்ம்தான் அண்ணா" என்று பதில் வந்தது. இன்சூரன்ஸ் தராத எந்தத் தொகையையும் அந்த கார்டிலிருந்தே எடுத்துக்கொள்ளலாம் என்ற வரி அதற்குள்தான் இருந்திருக்கிறது.

அப்புறம் இன்சூரன்ஸிலிருந்து ஈஓபி (பில்லுக்கு எவ்வளவு தருகிறார்கள், இல்லையென்றால் ஏன் என்று சொல்லும் கடிதம்) வந்தது. எம்ஆர்ஐக்கு மருத்துவத் தேவை நிரூபிக்கப்படவில்லை, மறுக்கப்பட்டது என்று அதில் இருந்தது. கிளினிக்கில் கேட்டால், "அது சும்மா ஒரு லெட்டர், கண்டுக்காதீங்க, நாங்க அப்பீல் பண்ணுவோம்" என்றார்கள். நானே இன்சூரன்ஸைக் கூப்பிட்டேன். முன் அனுமதிக்கு கிளினிக் அனுப்பிய காகிதம் போதாமல் கூடுதல் விவரம் கேட்டதாகவும், பதிலே வரவில்லை என்றும், அதற்குள் ஸ்கேன் எடுத்து பில்லும் போட்டுவிட்டார்கள் என்றும் அந்தப் பக்கத்தில் சொன்னார்கள்.

அப்போதுதான் பேஷண்ட் போர்ட்டலில் (கிளினிக்கில் நமக்கு இருக்கும் ஆன்லைன் கணக்கு) போய் என் விசிட் நோட்டைத் திறந்தேன். படித்ததும் எனக்குத் தலை சுற்றிவிட்டது. "இடுப்பு வலி. காலுக்குப் பரவவில்லை. மரத்துப்போதல் இல்லை. இரு கால்களிலும் தசை பலம் 5/5. காலைத் தூக்கும் சோதனை இருபுறமும் நெகட்டிவ்." பிசியோதெரபி பற்றி ஒரு வார்த்தை கிடையாது. எத்தனை நாளாக வலி என்பது கிடையாது. எந்த நோயாளிக்கும் பொருந்தும் டெம்ப்ளேட்டை அப்படியே விட்டுவிட்டு டாக்டர் கையெழுத்துப் போட்டிருக்கிறார். என் விரல் அவர் கைக்குக் கீழே மடங்கியதை அவரே பார்த்தார். எழுதியிருப்பது 5/5, அதாவது முழு பலம்!

அடியில் நோய்க் குறியீடு (என்ன நோய் என்று இன்சூரன்ஸுக்குச் சொல்லும் எண்) எம்54.50. சென்னையில் அமெரிக்க ஆஸ்பத்திரிகளுக்கு, டாக்டர் நோட்டைப் படித்து இந்த எண்களைப் போடும் மெடிக்கல் கோடிங் வேலை பார்க்கும் என் மச்சானிடம் ஃபோன் போட்டேன். அவன் கேட்ட முதல் கேள்வி, "மாமா, நோட்ல கால் வலின்னு ஒரு வரியாவது இருக்கா?" இல்லை என்றதும், அப்படியானால் கோடரைக் குறை சொல்லவே முடியாது என்றான். நோட்டில் எழுதாதது நடக்காதது, அவர்கள் தொழிலில் அப்படித்தானாம். முன்பு எம்54.5 என்று ஒரே எண் இருந்தது. இப்படிப் பொத்தாம்பொதுவாக எழுதக் கூடாது என்றுதான் 2021 அக்டோபர் 1 முதல் அதை மூன்றாகப் பிரித்தார்கள். 54.50 என்றால் விவரம் குறிப்பிடாத இடுப்பு வலி. 54.51 முதுகெலும்பிலிருந்தே கிளம்பும் வலி. 54.59 மற்றவை. காலுக்கு இறங்கும் சயாட்டிகா வலியை இந்த மூன்றிலுமே போடக் கூடாது, அதற்கு எம்54.4 வரிசை இருக்கிறது என்று அந்த எண்ணுக்குக் கீழேயே விலக்குக் குறிப்பு இருக்கிறது. அதிலும் பக்கம் சொல்ல வேண்டும்: வலது என்றால் 54.41, இடது என்றால் 54.42. என் ஸ்கேனுக்கு அனுமதி கேட்டபோது போயிருக்க வேண்டியது எம்54.42, அல்லது நரம்பு வேர் பாதிப்பு என்று டாக்டர் எழுதியிருந்தால் எம்54.16.

இதைவிட வயிற்றெரிச்சல் ஒன்று உண்டு. எம்ஆர்ஐ ரிப்போர்ட்டில் எல்4-எல்5 டிஸ்க் பிதுங்கி இடது எல்5 நரம்பு வேரை அழுத்துகிறது என்று தெளிவாக இருக்கிறது. ரிப்போர்ட் கையில் இருந்தால் அதில் உறுதியான நோயைத்தான் போட வேண்டும் என்பது வெளிநோயாளி கோடிங் விதி. டிஸ்க்கால் வரும் நரம்பு வேர் பாதிப்புக்கு எம்51.16 இருக்கிறது. ஆனாலும் பில் போனது அதே 54.50-ல்.

இதைச் சொல்லி கிளினிக்கைக் கேட்டால் பதில் என்ன தெரியுமா? "சார், பணம் வருவதற்காக எங்களால் கோடை மாற்ற முடியாது, அது ஃப்ராடு." மாற்றி எழுதிப் பணம் வாங்கு என்று நான் எங்கே கேட்டேன்? நடந்ததை நடந்தபடி தேதி போட்டு அடெண்டமாக (நோட்டுக்குப் பிற்சேர்க்கையாக) சேருங்கள் என்றுதானே கேட்டேன்? பில்லிங் ஆளைக் கேட்டால் டாக்டரைக் கேள் என்கிறார். டாக்டரிடம் ஃபோன் போகாது, போர்ட்டலில் மெசேஜ் போடு என்கிறார்கள். போர்ட்டலில் போட்டால் பில்லிங்குக்கு அனுப்பியிருக்கிறோம் என்று பதில் வருகிறது. அண்ணா என்று கூப்பிட்ட அந்தப் பெண் இப்போது லைனுக்கே வருவதில்லை. இந்த அலைக்கழிப்புக்கு நடுவில்தான் நேற்று 1,840 டாலரை எடுத்தார்கள். கேட்டால் "நீங்கள் சைன் பண்ணியிருக்கிறீர்கள் சார்."

1,840 டாலர் போனது ஒரு பக்கம். அடுத்து நான் ஊசிக்கோ ஆபரேஷனுக்கோ போனால் அந்த டாக்டர் பார்க்கப்போவது, கால் பலம் முழுசாக இருக்கிறது, மரத்துப்போகவில்லை என்கிற இந்த நோட்டைத்தான். நாளைக்குப் பாதம் தொங்கிப்போனால், அது எப்போது ஆரம்பித்தது என்பதற்கு ரெக்கார்டே இருக்காது. அதை நினைத்தால் பணத்தைவிட இதுதான் வயிற்றைக் கலக்குகிறது.

விரிவாக யோசனை சொல்லலாம் என்றுதான் உட்கார்ந்தேன், இன்சூரன்ஸுக்குக் கடிதம் எழுத வேண்டியிருக்கிறது. அவசரத்துக்கு இவ்வளவுதான். டாக்டரைப் பார்த்த அன்றோ மறுநாளோ போர்ட்டலில் நோட்டைப் படித்துவிடுங்கள். எந்தப் பக்கம், கால் வரை போகிறதா, எத்தனை வாரம், என்ன சிகிச்சை எடுத்தீர்கள், இந்த நாலும் அதில் இருக்கிறதா என்று பாருங்கள். இடுப்பு வலி எம்ஆர்ஐக்குப் பெரும்பாலும் இன்சூரன்ஸ் தேடுவது ஆறு வாரச் சிகிச்சை எடுத்ததற்கான ஆதாரத்தைத்தான். (சிறுநீர், மலம் கட்டுப்பாடு போனால் கதையே வேறு, ஆறு வாரம் காத்திருக்காமல் நேரே எமர்ஜென்சிக்கு ஓடுங்கள்.) நோட்டில் தப்பு இருந்தால் திருத்தம் கேட்கும் உரிமை நோயாளி தகவல்களுக்கான ஹிப்பா சட்டத்தில் இருக்கிறது, எழுத்தில் கேளுங்கள், 60 நாளுக்குள் அவர்கள் பதில் தர வேண்டும். முன் அனுமதி எண்ணைக் கையில் வாங்காமல் மெஷினுக்குள் படுக்காதீர்கள். மறுப்பு வந்தால் சிஓ, பிஆர் என்ற இரண்டு மறுப்புக் குறியீடுகளில் எதைப் போட்டு மறுத்தார்கள் என்று இன்சூரன்ஸில் கேளுங்கள். சிஓ என்றால் அது கிளினிக்கின் பாடு, நெட்வொர்க்கில் இருக்கும் கிளினிக் உங்களிடம் கேட்கக் கூடாது. பிஆர் என்றால்தான் உங்கள் தலையில். அப்பீலுக்குப் பெரும்பாலும் மறுப்பு வந்ததிலிருந்து 180 நாள் உண்டு. கிளினிக் பண்ணும் என்று உட்கார்ந்திருக்காதீர்கள், நீங்களே போடுங்கள். கார்டை சிஸ்டத்தில் விடாதீர்கள், கோபே கட்டி முடிந்ததும் நீக்கச் சொல்லுங்கள்.

கார்டு கம்பெனியில் 1,840 டாலருக்கும் டிஸ்ப்யூட் (பணத்தைத் திரும்பக் கேட்கும் புகார்) போட்டாயிற்று. இன்சூரன்ஸில் சிஓவா பிஆரா என்று கேட்டிருக்கிறேன், எழுத்தில் தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். இதே மாதிரி கார்டில் எடுக்கப்பட்டுத் திரும்ப வாங்கியவர்கள் யாராவது இருந்தால், எந்தக் காகிதத்தைக் காட்டி வாங்கினீர்கள் என்று கீழே சொல்லுங்கள்.