ஐசிடி-10-சிஎம் மருந்து அட்டவணை: தேட உதவும், முடிவெடுக்க உதவாது

அமெரிக்க மருத்துவமனை சார்ட்டுகளை (நோயாளி பதிவேடுகளை) ஐசிடி-10-சிஎம் என்ற அமெரிக்க நோய்க் குறியீட்டுப் பட்டியலின்படி கோடு செய்யும் சென்னை கோடர்களுக்கு, அதிலுள்ள 'டேபிள் ஆஃப் டிரக்ஸ் அண்ட் கெமிக்கல்ஸ்' என்ற மருந்து அட்டவணை தெரியாமல் இருக்காது. அச்சுப் புத்தகத்தில் இன்டெக்ஸை ஒட்டி இருக்கும். அமெரிக்க நோய்த் தடுப்பு மையமான சிடிசியின் தளத்தில் காசில்லாமலும் பார்க்கலாம். மருந்தின் பெயருக்கு நேரே ஆறு கட்டங்கள்: தவறுதலாக நேர்ந்த நச்சு, சுயதீங்கு, பிறர் கொடுத்தது, நோக்கம் தீர்மானிக்க முடியாதது, பக்கவிளைவு, குறைவாக எடுத்தது. தேடுகிற வேலைக்கு இதைவிட வேகமான கருவி கிடையாது. அசிட்டமினோஃபென் என்று தேடினாலும் பாராசிட்டமால் என்று தேடினாலும் ஒரே இடத்தில் கொண்டுபோய் விடும். பிராண்டு பெயரோடு போனால்தான் தடுமாற்றம். ஜெனரிக் பெயரைத் தெரிந்துகொண்டு உள்ளே நுழைவது நல்லது.

பெரிய குறை கண்ணெதிரே இருக்கிறது: ஏழாவது எழுத்து அட்டவணையில் இல்லை. பாராசிட்டமாலுக்கு முதல் கட்டத்தில் டி39.1எக்ஸ்1 (டி என்பது ஆங்கில T) என்று ஆறு எழுத்தோடு நிற்கும். அப்படியே அனுப்பினால் காப்பீட்டு க்ளைம் செல்லாத கோடு என்று திரும்பி வரும். ஏழாவதாக ஏ சேர்த்து டி39.1எக்ஸ்1ஏ ஆக்க வேண்டும். நடுவில் உள்ள எக்ஸ் வெறும் இடம் நிரப்பி. அதை விழுங்கிவிட்டால் ஏ ஆறாவது இடத்துக்கு நகர்ந்து கோடே கெட்டுவிடும். ஏ என்றால் 'முதல் விசிட்' என்று பயிற்சி வகுப்புகளில் சுருக்கிச் சொல்லிவிடுகிறார்கள், அது தப்பு. நச்சுக்கான நேரடி சிகிச்சை ஓடும்வரை ஏ-தான், டாக்டர் மாறினாலும் ஏ-தான்.

நான்காவது கட்டம் ஒரு பொறி. சார்ட்டில் நோக்கம் பற்றி ஒரு வரியும் இல்லையென்றால் புதிய கோடர் கை நேராக 'தீர்மானிக்க முடியாதது' கட்டத்துக்குப் போகிறது. விதி அப்படியில்லை. எதுவும் எழுதப்படவில்லை என்றால் தவறுதல்தான், முதல் கட்டம். நோக்கம் இன்னதென்று தீர்மானிக்க முடியவில்லை என டாக்டரே எழுதியிருந்தால் மட்டும் நான்காவது. மாத்திரை எண்ணிக்கையை வைத்து சுயதீங்கு என்று கோடர் ஊகிப்பதும் கூடாது. சந்தேகம் இருந்தால் டாக்டருக்கு க்வெரி போட வேண்டும்.

அட்டவணைக்குத் தெரியாத இன்னொரு விஷயம் வரிசை. ரத்தம் உறையாமல் தடுக்கும் வார்ஃபரின் ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்வோம். டாக்டர் சொன்ன அளவிலேயே சாப்பிட்டு குடலில் ரத்தம் கசிந்தால் பக்கவிளைவு: கே92.2 முன்னால், டி45.515ஏ பின்னால். மறந்துபோய் ஒரே நாளில் இரண்டு தடவை சாப்பிட்டிருந்தால் நச்சு: டி45.511ஏ முன்னால், கசிவு பின்னால். வார்ஃபரினைச் சரியாகத்தான் சாப்பிட்டார், ஆனால் டாக்டரைக் கேட்காமல் கடையில் ஆஸ்பிரின் வாங்கிச் சேர்த்து சாப்பிட்டதில் ரத்தம் கசிந்தது என்றால் அதுவும் நச்சுதான், டி45.511ஏ, டி39.011ஏ இரண்டும் போட வேண்டும். ஆடிட்டில் அதிகம் அடிவாங்குவது இந்த மூன்றாவது வகை. காசில்லாமல் மாத்திரையைக் குறைத்துக்கொண்டார் என்றால் குறைவாக எடுத்தது: டி45.516ஏ, கூடவே பணக்கஷ்டத்துக்கான இசட்91.120. ஆனால் குறைவாக எடுத்ததற்கான கோடு ஒருநாளும் முதலிடத்தில் வரக்கூடாது. எந்த நோய்க்காக மருந்தோ அந்த நோய் மோசமானதுதான் முன்னால் வரும்.

அட்டவணையிலிருந்து நேராகக் கோடு எடுக்காதே, கோடுகளை எண் வரிசையில் குறிப்புகளோடு தரும் டேபுலர் லிஸ்ட்டுக்குத் திரும்பிப் போ என்று அரசு கைட்லைனே சொல்வது சும்மா இல்லை. பாராசிட்டமால் நச்சில் கல்லீரல் செயலிழந்த சார்ட்டில் பலர் கல்லீரல் செயலிழப்புக்கான பொதுக் கோடான கே72-ஐப் போடுகிறார்கள். டேபுலரைத் திறந்தால் மருந்தால் வந்த கல்லீரல் செயலிழப்பு கே71.1-இல் இருக்கும், கோமா இல்லையென்றால் கே71.10, இருந்தால் கே71.11. நச்சுக் கோடை முன்னால் போடு என்ற குறிப்பும் அங்கேயே உண்டு.

நீண்டகால விளைவுக்கு வந்தால் அட்டவணை கையை விரித்துவிடுகிறது. இந்திய மருத்துவமனை ரெக்கார்டு செக்‌ஷனில் உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10-ஐப் பார்த்துப் பழகியவர்கள் டி96-ஐத் தேடுவார்கள். மருந்து நச்சின் பின்விளைவுக்கென்று அங்கே தனிக் கோடு உண்டு. அமெரிக்கப் பதிப்பில் அது கிடையாது. அந்த நச்சுக் கோடின் வாலில் ஏ-க்குப் பதில் எஸ் சேர்ப்பதுதான் வழி. தவறுதலான ஹெராயின் ஓவர்டோஸில் மூளைக்கு ஆக்சிஜன் போகாமல் சேதமான நோயாளி, இரண்டு வருடம் கழித்து அந்தச் சேதத்துக்காக வருகிறார் என்றால், ஜி93.1 முன்னால், டி40.1எக்ஸ்1எஸ் பின்னால். எஸ் நச்சுக் கோடுக்கு மட்டும்; ஜி93.1-இன் வாலில் ஒட்டக்கூடாது. அதே பாதிப்புக்கு ஏ உள்ள கோடையும் சேர்த்துப் போடக்கூடாது. இத்தனை மாதம் கழிந்தால்தான் பின்விளைவு என்ற கெடு எதுவும் இல்லை.

ஜென்டாமைசின் என்ற ஆன்டிபயாட்டிக்கால் காது போன கேஸ் இன்னும் சிக்கல். சரியான அளவில் ஏற்றியும் இரண்டு காதும் போனால் எச்91.03 முன்னால், டி36.5எக்ஸ்5 வகை பின்னால். அளவு தப்பி ஏறியிருந்தால், எச்91.0-க்குக் கீழே உள்ள குறிப்பு நச்சுக் கோடை முன்னால் வைக்கச் சொல்கிறது. வருடங்கள் கழித்து வரும்போது பின்விளைவு விதியோ காதை முன்னால் வைக்கச் சொல்கிறது. இந்த உரசலுக்கு எந்தப் புத்தகத்தின் ஓரக்குறிப்பையும் நம்ப முடியாது. எதை முன்னால் வைப்பது என்று கிளையன்ட்டிடம் எழுத்தில் வாங்கி வைத்துக்கொள்வதே பாதுகாப்பு.

பழைய புத்தகம் பாதி விலைக்குக் கிடைக்கிறதே என்று வாங்குகிறவர்கள் போதை மருந்துகளுக்கான டி40-ஐத் திறந்து பார்க்கட்டும். ஃபென்டனிலுக்கு டி40.4எக்ஸ் என்று இருந்தால் அது 2020 அக்டோபர் 1-க்கு முந்தைய பதிப்பு; அன்றிலிருந்து ஃபென்டனில் டி40.41, டிரமடால் டி40.42. அடுத்த வருடம் கஞ்சாவும் டி40.71-க்கு மாறியது. எந்தப் பதிப்பு என்பதை டிஸ்சார்ஜ் தேதி தீர்மானிக்கும், கோடு செய்கிற தேதி அல்ல.

தேடலுக்கு 5-க்கு 5 தரலாம், பின்விளைவுக்கு 1-க்கு மேல் தர மனமில்லை. கோடர்களுக்கான சிபிசி சான்றிதழ் தேர்வு எழுதுகிறவர்களுக்கு அச்சுப் புத்தகம் அவசியம்; தினசரி வேலைக்கு சிடிசி தளமே போதும், ஆனால் அதில் பதிப்பின் அமெரிக்க நிதியாண்டைச் சரியாகத் தேர்ந்தெடுத்த பிறகு தேடுங்கள். அச்சுப் புத்தகத்தில் ஆறு கட்டங்களும் நெருக்கமாக ஓடுவதால் கண் அடுத்த வரிக்குத் தாவும். ஒரு ஸ்கேலை வரிக்குக் கீழே வைத்துப் பாருங்கள். ஹெராயின் வரியில் கடைசி இரண்டு கட்டங்கள் காலியாக இருப்பது அச்சுப்பிழை அல்ல. ஹெராயினை டாக்டர் எழுதிக் கொடுப்பதில்லையே, பக்கவிளைவும் குறைவாக எடுப்பதும் எங்கிருந்து வரும்?