பிரெய்ட்: இடப்பக்கம் நடந்தால் நேரம் பின்னால் ஓடும்

வலப்பக்கம் நடந்தால் நேரம் முன்னால் ஓடும். இடப்பக்கம் நடந்தால் பின்னால் ஓடும். நின்றால் நேரமும் நிற்கும். 'பிரெய்ட்' கேமின் 4ஆம் உலகத்தை நடத்துவது இந்த ஒரே விதிதான். ஜோனதன் ப்ளோ உருவாக்கி 2008 ஆகஸ்டில் எக்ஸ்பாக்ஸ் 360க்கு வந்த கேம் இது. படங்களைப் புதிதாகத் தீட்டி, 2024 மே மாதம் ஆனிவர்சரி எடிஷனாக மறுபடி வெளியிட்டார்கள். பார்த்தால் வழக்கமான மரியோ வகைதான்: ஓடலாம், குதிக்கலாம், பூதங்களைத் தலையில் மிதிக்கலாம். ஆனால் உலகத்துக்கு உலகம் காலத்தின் சட்டம் வேறு. அந்தச் சட்டம் ஓரிடத்தில்கூட யாருக்காகவும் வளைந்து கொடுப்பதில்லை. இந்தக் கேமை வாங்கச் சொல்வதற்கு அந்தக் கண்டிப்பு ஒன்றே போதும்.

4ஆம் உலகத்தில் குழாயிலிருந்து ஏறி இறங்கும் கடிக்கிற செடியைப் பாருங்கள். மற்ற கேம்களில் அது உள்ளே போகும்வரை நின்று, சட்டென்று தாண்டிவிடுவோம். இங்கே நீங்கள் நின்றால் செடியும் அப்படியே நிற்கும். பின்னால் போய்த் திரும்பி வந்தாலும் பிரயோஜனமில்லை. இடம்தான் நேரம் என்றான பிறகு, அதே இடத்துக்கு எத்தனை தடவை வந்தாலும் நேரம் அதேதான். செடியும் போன தடவை இருந்த அதே உயரத்தில்தான் வாயைப் பிளந்துகொண்டு நிற்கும். உங்கள் கையில் மிச்சமிருப்பது மேல் கீழ் மட்டுமே. ஏணியில் ஏறினாலும் நேர் மேலே எகிறினாலும் நேரம் நகராது என்பதால், உலகம் உறைந்து கிடக்கும்போதே வேறு உயரத்துக்குப் போய்விடலாம். இந்த உலகத்துப் புதிர்கள் பலவற்றின் சூட்சுமம் அங்கேதான் இருக்கிறது.

பூதங்களைக் கொல்வதிலும் இதே கணக்குதான். ஓரிடத்தில் மிதித்துக் கொன்ற பூதம், நீங்கள் அந்த இடத்துக்கு வலப்புறம் இருக்கும்வரைதான் செத்திருக்கும். இடப்புறம் தாண்டினால் எழுந்துவிடும். எல்லாப் பூதங்களையும் தீர்த்துக்கட்ட வேண்டிய கட்டங்களில் பலர் மாட்டிக்கொள்வது இதனால்தான். முதலில் வலக்கோடிக்குப் போய்க் கொன்றுவிட்டு, மிச்சத்தை முடிக்க இடப்பக்கம் வருவார்கள். முதலில் செத்தது பின்னாலேயே உயிர்த்து வரும். இடக்கோடியில் ஆரம்பித்து வலக்கோடியில் முடிக்கும்படி வரிசையைத் திட்டமிட்டால்தான் கணக்கு நேராகும். இசைகூட நடைக்கு ஏற்ப முன்னும் பின்னும் ஓடுவதால், நேரம் எந்தத் திசையில் போகிறது என்பதைக் காதாலேயே பிடித்துவிடலாம்.

கேம் 2ஆம் உலகத்தில் தொடங்குகிறது. 1ஆம் உலகம் கடைசியில்தான் வரும். 2இல் விதி எளிது. கணினியில் ஷிப்டை அழுத்தினால் (எக்ஸ்பாக்ஸில் எக்ஸ் பொத்தான்) எல்லாமே பின்னால் ஓடும், செத்துப்போனதும் சேர்த்து. எடுத்த படத்துண்டு (உலகத்துக்கு ஒரு படமாக ஒட்டிச் சேர்க்க வேண்டியது) மட்டும் திரும்பப் போகாது. உலகத்துக்கு 12 என 5 உலகங்களில் 60 துண்டுகள்.

3ஆம் உலகத்தில் பச்சையாக மினுங்கும் பொருள்களுக்கு இந்தப் பின்னோட்டம் ஒட்டாது. ஏறி வர முடியாத குழிக்குள் பச்சைச் சாவி கிடந்தால், கூசாமல் குதித்து அதை எடுத்துக்கொண்டு ஷிப்டை அழுத்துங்கள். நீங்கள் மேலே வந்துவிடுவீர்கள், சாவியும் கூடவே வரும். பூட்டுகளில்தான் கவனம் வேண்டும். பச்சைக் கதவைச் சாதாரணச் சாவியால் திறந்துவிட்டுப் பின்னோக்கினால், கதவு திறந்தபடி நிற்கும், சாவி முழுசாகக் கைக்கு வரும். இதையே மாற்றிச் செய்து, பச்சைச் சாவியைச் சாதாரணக் கதவில் போட்டுவிட்டுப் பின்னோக்கினால், கதவு மூடிக்கொள்ளும், சாவி உடைந்தது உடைந்ததுதான். அந்தக் கட்டத்திலிருந்து வெளியேறி மறுபடி நுழைவதைத் தவிர வேறு வழியில்லை.

5ஆம் உலகத்தில் நீங்கள் அழித்த காலம் வீணாகாது. பின்னோக்கி வந்து ஷிப்டை விட்டதும், முன்பு செய்ததையெல்லாம் ஒரு நிழல் உருவம் செய்துகாட்டும். நெம்புகோலை இழுங்கள், பின்னோக்குங்கள், நிழல் போய் இழுக்கும்போது நீங்கள் கதவருகே காத்திருங்கள். இங்கே தவறுவது பெரும்பாலும் இரண்டு காரணங்களால். நிழலுக்கு ஊதா நிறத்தில் மினுங்கும் பொருள்கள் மட்டுமே கைக்கு எட்டும். அதோடு, எவ்வளவு தூரம் பின்னோக்கினீர்களோ அவ்வளவுதான் அதன் ஆயுள். இரண்டு விநாடி பின்னோக்கிவிட்டு, நிழல் கதவைப் பிடித்துக்கொண்டு நிற்கும் என்று எதிர்பார்த்தால் ஏமாற்றம்தான்.

6ஆம் உலகத்து மோதிரம் என் கணக்கில் கொஞ்சம் சோடை. கீழே வைத்தால் அதன் அருகில் நேரம் மந்தமாகும். விலக விலக இயல்புக்கு வரும். மற்ற உலகங்களின் சட்டங்கள் முழுக் கற்பனை, இது மட்டும் நிஜத்துக்குப் பக்கத்தில் நிற்கிறது. பூமியின் ஈர்ப்பு குறைந்த உயரத்தில் கடிகாரம் வேகமாக ஓடும். ஜிபிஎஸ் செயற்கைக்கோள் கடிகாரங்கள், வேகத்தால் ஏற்படும் பின்னடைவைக் கழித்த பிறகும், நாளுக்குச் சுமார் 38 மைக்ரோவிநாடி முந்துகின்றன. யோசனை நல்லதுதான். ஆனால் புதிர்கள் விதியை ஆழமாகத் தோண்டாமல், சரியான நேரத்தில் குதிக்கும் கைப்பழக்கத்தில் போய் நின்றுவிடுகின்றன.

உலகங்களுக்கு நடுவே புத்தகங்களைத் திறந்து படிக்கச் சொல்லும் பத்திகளும் அப்படித்தான். நாயகன் தேடி அலையும் இளவரசியைப் பற்றிய புலம்பல் ஏராளம், அதில் பாதி வெறும் பாவனை. தாண்டிப் போனாலும் ஒரு புதிர்கூடத் தடைபடாது. கடைசி உலகத்தை மட்டும் யாரிடமும் கேட்காமல், வீடியோ பார்க்காமல் ஆடிவிடுங்கள்.

புதிர் பிடிபடாமல் போனால் விரல்களைக் குறை சொல்ல வேண்டியதில்லை. கச்சிதமான குதிப்பு கேட்கும் இடங்கள் சில உண்டு. பெரும்பாலான இடங்களில் நான்கைந்து தடவை முயன்றும் நூலிழையில் தவறுகிறதென்றால் வழியே தப்பு என்று எடுத்துக்கொள்ளலாம். எது நேரத்துக்குக் கட்டுப்பட்டது, எது கட்டுப்படாதது என்று திரையில் இருக்கும் ஒவ்வொரு பொருளையும் பார்த்துவிட்டு மறுபடி தொடங்குங்கள். அந்தத் துண்டை விட்டுவிட்டு அடுத்த கட்டத்துக்கு நடந்து போகவும் தடையில்லை.

வெறுமனே ஆடிப் பார்க்க நினைப்பவருக்குப் பழைய பதிப்பே போதும். ஆனிவர்சரி எடிஷனின் மதிப்பு, ஓவியத்தைவிட அதில் சேர்த்திருக்கும் பல மணிநேர விளக்க உரையில்தான் இருக்கிறது. கேம் செய்யக் கற்பவர்கள் அதற்காகவே வாங்கலாம். மறைந்திருக்கும் 8 நட்சத்திரங்களையும் சேர்க்கும் ஆசை இருந்தால் ஒரு எச்சரிக்கை. 3ஆம் உலகத்தின் படத்தை அவசரப்பட்டு ஒட்டி முடித்துவிடாதீர்கள், அதில் ஒன்று கைநழுவிவிடும். இன்னொன்றுக்கு ஒரு மேகம் திரையைக் கடந்து வரும்வரை ஏறக்குறைய இரண்டு மணிநேரம் காத்திருக்க வேண்டும்.