இரவில் மணக்கும் ஆர்க்கிட் என்று விற்கிறார்கள், பணம் போடும் முன் இதைப் படியுங்கள்

அரை மாதச் சம்பளம் போய்விட்டது. கோபம் ஆறுவதற்குள் எழுதிவிட வேண்டும் என்று உட்கார்ந்திருக்கிறேன். ஆறிவிட்டால் "போகட்டும், செடிதானே" என்று நாமே விட்டுவிடுவோம், அந்த ஆள் அடுத்தவரைத் தேடிப் போய்விடுவார். வீட்டிலேயே அரிய ஆர்க்கிட் வளர்ப்பதாகச் சொல்லி ஆன்லைனில் விற்கிறவர் அவர். பெயரையும் விற்ற தளத்தையும் இங்கே போடவில்லை. இதே ஆள் வேறு வேறு பெயரில் கணக்கு வைத்திருப்பதாகக் கேள்விப்பட்டேன், அதனால் பெயரை விட அவர் ஏமாற்றும் விதத்தைத் தெரிந்துகொள்வதுதான் உங்களுக்கு உபயோகம். நடந்ததைச் சொல்லிவிட்டு, இந்தச் செடிகளை எப்படிப் பார்த்து வாங்குவது, எப்படி வளர்ப்பது என்பதையும் கடைசியில் விவரமாக எழுதுகிறேன்.

நான் கேட்டது இரண்டு செடி. ஒன்று பிராசவோலா நோடோசா. மெக்சிகோவிலிருந்து வெனிசுலா வரை வெப்பமான தாழ்நிலங்களில் மரத்திலும் பாறையிலும் ஒட்டி வளர்வது. வெள்ளை உதடும் (ஆர்க்கிட் பூவில் தனியாகத் தெரியும் பெரிய இதழ்) மெல்லிய வெளிர்பச்சை இதழ்களுமாகப் பூக்கும். பகல் முழுக்க வாசனை என்பதே தெரியாது. இருட்டத் தொடங்கியதும் எலுமிச்சையும் மல்லிகையும் கலந்த மாதிரி ஒரு மணம் கிளம்பி அறை முழுக்கப் பரவும். இன்னொன்று மடகாஸ்கரின் ஆங்ரேகம் செஸ்குவிபெடேல். மெழுகில் செய்தது போன்ற பெரிய வெள்ளைப் பூ, அதன் பின்னால் கிட்டத்தட்ட ஓரடிக்குத் தொங்கும் தேன்குழல், அதாவது அடியில் தேன் இருக்கும் மெல்லிய குழாய். இரண்டுமே ராத்திரியில் வரும் பெரிய அந்துப்பூச்சிகளுக்காகப் பூப்பவை. அதனால்தான் வெள்ளை நிறம், அதனால்தான் இருட்டில் மட்டும் வாசனை. எத்தனையோ வருடமாக ஆசைப்பட்ட செடிகள் இவை.

நான் எந்த இடத்தில் நம்பினேன் என்பதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் உங்களையும் அதே இடத்தில்தான் பிடிப்பார்கள். அந்த ஆளுக்கு விஷயம் தெரிந்திருந்தது. வேர் எதில் வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டால், "பிராசவோலாவை மரப்பட்டையில கட்டிருக்கேன் அக்கா, தொட்டியில ஈரம் தேங்கினா வேர் அழுகிடும்" என்று சரியான பதில். ஆங்ரேகத்தின் வேரைத் தொந்தரவு செய்தால் ஒரு வருடத்துக்கும் மேலே வளராமல் முறைத்துக்கொண்டு நிற்கும், அதனால் தொட்டியோடே அனுப்புகிறேன் என்றார். அதுவும் சரிதான். 1862ல் டார்வின் அந்தத் தேன்குழலின் நீளத்தைப் பார்த்து, அதன் அடிவரை எட்டும் நாக்கு உள்ள அந்துப்பூச்சி மடகாஸ்கரில் இருந்தே ஆக வேண்டும் என்று சொன்னதையும், அவர் இறந்து பல வருடம் கழித்து 1903ல் அப்படி ஒரு பூச்சி பதிவானதையும் வாய்ஸ் மெசேஜில் கதையாகவே சொன்னார். "ராத்திரி ஒன்பது மணிக்கு மேல வீட்டுக்குள்ள வந்தா யாரோ சென்ட் கொட்டிட்ட மாதிரி இருக்கும் அக்கா, காலைல ஒண்ணுமே இருக்காது" என்றார். பூவை நேரில் பார்த்து வளர்த்தவர் பேசுகிற பேச்சு அது. இருட்டுச் சுவருக்கு முன்னால் பூத்து நிற்கும் படங்களும் வந்தன. "காசுக்காக எல்லாருக்கும் குடுக்க மாட்டேன், பாத்துக்கிறவங்க கையிலதான் குடுப்பேன்" என்று ஒரு வார்த்தை. விதையிலிருந்து பூக்கும் வயதுக்கு வரப் பல வருடம் ஆகும் செடி என்பதால் விலையும் நியாயமாகவே பட்டது. அரை மாதச் சம்பளத்தை அன்றைக்கே அவர் கணக்கில் நேராகப் போட்டேன். தளத்தின் வழியாகப் போட்டால் கமிஷன் பிடிப்பார்கள், அந்தத் தொகையை எனக்கே குறைத்துத் தருகிறேன் என்று அவர்தான் நேராகப் போடச் சொன்னார்.

பார்சல் வந்தது. மரப்பட்டையும் இல்லை, தொட்டியும் இல்லை. இரண்டையும் ஈரப்பாசியில் இறுக்கிச் சுற்றி பிளாஸ்டிக் போட்டுக் கட்டியிருந்தார்கள்.

பிராசவோலா என்று வந்ததைப் பார்த்ததுமே நெஞ்சு அடைத்துவிட்டது. பிராசவோலா நோடோசாவின் தண்டு மெல்லியது, ஒவ்வொரு தண்டின் உச்சியிலும் ஒரே ஓர் இலை, அதுவும் தடித்துக் குறுகி மேல்பக்கம் பள்ளம் ஓடிய இலை. எனக்கு வந்ததில் பருத்த தண்டு, அதன் இரு பக்கமும் மாறி மாறித் தட்டையான இலைகள். இது டென்ட்ரோபியம், பூங்கொத்துகளில் சாதாரணமாக வைக்கிற இனம். உச்சியில் மொட்டோடு ஒரு பூந்தண்டு வேறு. ஆங்ரேகம் என்று வந்தது இன்னும் மோசம். ஆங்ரேகத்தின் இலை நுனி வட்டமான இரண்டு மடலாகப் பிரிந்திருக்கும். இதன் நுனி யாரோ கடித்துத் துப்பியதுபோல் ஒழுங்கில்லாமல் இருந்தது. இது வாண்டா, வேறொரு ஆர்க்கிட் வகை. அதுவும் முழுச் செடி இல்லை, மேல்பாதியை வெட்டி எடுத்த துண்டு. பாசியைப் பிரித்தால் வெட்டின இடம் கறுத்துப்போய், இருந்த இரண்டொரு வேரும் நசநசவென்று கையோடு வந்தன. வேரின் மேலுறை கழன்று உள்ளே நூல் மட்டும் மிஞ்சியது.

உடனே படம் எடுத்து அனுப்பினேன். அன்று பதில் இல்லை. மறுநாள், "சின்னச் செடில இலை அப்படித்தான் இருக்கும்." மொட்டு வைத்த செடி எப்படிச் சின்னச் செடி ஆகும்? கேட்டேன். "பார்சல்காரங்க லேட் பண்ணினதால வேர் போயிருக்கு, அவங்கள கேளுங்க." வேர் அழுகியதற்குப் பார்சல் காரணமாக இருக்கலாம், ஆங்ரேகம் வாண்டாவாக மாறியதற்கும் பார்சலா காரணம்? அதற்குப் பதில் வேறு மாதிரி வந்தது. "பூ விரியட்டும் மேடம், ராத்திரி வாசனை வந்ததும் நீங்களே மெசேஜ் போடுவீங்க." பணம் கைக்கு வரும்வரை அக்கா, அதற்கப்புறம் மேடம்.

பூ விரிந்தது. உருண்ட இதழ், வெள்ளையில் லேசாக ஊதா. அது எது என்று எனக்கு ஏற்கெனவே தெரியும், இருந்தாலும் பேச்சுக்கு இடம் வைக்கக் கூடாது என்று பொழுது சாயும்போதும் ராத்திரியும் விடியற்காலையிலும் முகர்ந்து பார்த்தேன். ஒன்றுமே இல்லை. அதை எழுதியதும் வந்த பதில்களைப் பாருங்கள். இடம் மாறிய செடி முதல் பூவில் மணக்காதாம். குளிராக இருந்தால் வாசனை வராதாம். நான் முகர்ந்த நேரம் சரியில்லையாம், நள்ளிரவில் பார்க்க வேண்டுமாம். கடைசியாக எனக்குச் சளி பிடித்திருக்கிறதா என்று கேட்டார்.

என்னை மிகவும் எரிய வைப்பது இதுதான். இந்தப் பதில்களில் பாதி உண்மை இருக்கிறது. பிராசவோலா குளிரில் மணம் குறைந்துதான் போகும், பகலில் மணக்கவே மணக்காது, இடம் மாறிய செடி சோர்ந்துதான் போகும். வாசனையைப் படம் பிடித்து அனுப்ப முடியாது, வாங்கும் நேரத்தில் சோதிக்கவும் முடியாது. பூத்த பிறகும் "இன்னும் நேரம் ஆகலை" என்று நாள் கடத்தலாம். இரவில் மணக்கும் செடி என்று சொல்லி விற்பதே அந்த வசதிக்காகத்தான். உண்மையாக இதை வளர்த்து விற்கிறவர்கள் பேரையும் இப்படிப்பட்டவர்கள் கெடுக்கிறார்கள்.

பணத்தைத் திருப்பிக் கேட்டேன். "வேற செடி அனுப்பறேன், பார்சல் செலவு மட்டும் போடுங்க" என்றார். அரை மாதச் சம்பளத்தை வாங்கிக்கொண்டு இன்னும் கேட்கிறார். மறுத்ததும் என்னை ப்ளாக் செய்துவிட்டார். அவர் அனுப்பிய படங்களைத் தேடிப் பார்த்தால், வெளிநாட்டுக் கண்காட்சி ஒன்றின் பழைய படங்கள். விற்பனைத் தளத்தில் புகார் கொடுத்தேன், பணம் எங்கள் வழியாக வரவில்லை, நாங்கள் ஒன்றும் செய்வதற்கில்லை என்று ஒரு வரியில் முடித்துவிட்டார்கள். இன்னொரு புகார் எழுதினால் அதே வரி மறுபடி வருகிறது. அந்த ஆள் இப்போதும் விற்றுக்கொண்டிருக்கிறார். அதே படம், அதே டார்வின் கதை. என்னைப்போல் ஏமாந்த இன்னொருவர் தொடர்புகொண்டார், அவருக்கு வந்ததும் டென்ட்ரோபியம்தான்.

இன்னொன்று. மடகாஸ்கரிலிருந்து நேரடியாக வரவழைத்தது என்றும் சொன்னார். ஆர்க்கிட் குடும்பம் முழுவதும் சைட்டிஸ் (அரிய உயிரினங்களின் வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சர்வதேச) ஒப்பந்தத்தின் கீழ் வருகிறது, நாடு விட்டு நாடு செடி வர அனுமதிச் சீட்டு வேண்டும். அதைக் கேட்டபோது "எல்லாம் இருக்கு, அனுப்பறேன்" என்றார், கடைசிவரை வரவில்லை. காட்டில் பிடுங்கியதாக இருந்தால் அது இன்னும் பெரிய அநியாயம்.

விவரமாக எழுதுகிறேன் என்றேன், இப்போது கை ஓடவில்லை. முக்கியமானது மட்டும் சொல்கிறேன். பூவின் படத்தைப் பார்க்காதீர்கள். இன்றைய தேதி எழுதின சீட்டைச் செடி மேல் வைத்து, இலை நுனி, தண்டு, வேர் மூன்றையும் வீடியோ எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். வேர் கெட்டியாக, காய்ந்தால் வெள்ளையாக, நனைந்தால் பச்சையாக மாற வேண்டும். தராவிட்டால் விட்டுவிடுங்கள். தளத்துக்கு வெளியே பணம் போடாதீர்கள், எவ்வளவு குறைத்துத் தந்தாலும். பார்சலைப் பிரிப்பதை வீடியோ எடுங்கள். "ஆர்க்கிட் விதை" பொட்டலம் யார் விற்றாலும் வாங்காதீர்கள், தூசி மாதிரியான அந்த விதை மண்ணில் போட்டு முளைக்கிற சங்கதியே இல்லை.

வளர்ப்பு பற்றி இரண்டே வரி. பிராசவோலாவுக்கு நல்ல வெளிச்சம், நீர் ஊற்றினால் அடுத்த தடவைக்குள் வேர் முழுக்கக் காய வேண்டும். ஆங்ரேகத்தின் வேரைக் கிளறாதீர்கள். மிச்சத்தைப் பணம் திரும்ப வந்தால் எழுதுகிறேன். வங்கியிலும் புகார் கொடுத்திருக்கிறேன், இன்னும் பதில் வரவில்லை. இதே மாதிரி படமும் பேச்சும் உங்களுக்கு வந்திருந்தால், பணம் போடும் முன் எனக்கு ஒரு வார்த்தை எழுதுங்கள், என்னிடம் உள்ள படங்களோடு ஒப்பிட்டுச் சொல்கிறேன்.