எதிர்ச்சொல்லைச் சொல்லும் அகராதி: ‘கிளாசிகல்’ என்னும் அடைமொழியை வைத்துத் தமிழ் லெக்சிகனைச் சோதித்தது

சில ஆண்டுகளுக்கு முன் ஓர் இசை நிகழ்ச்சிக்கான கையேட்டைத் தமிழாக்கும் வேலை எனக்கு வந்தது. வேலையைத் தந்தவர்கள் கூடவே ஒரு சொற்பட்டியலையும் அனுப்பியிருந்தார்கள். ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு ஒரே தமிழ்ச் சொல், எல்லா இடத்திலும் அதையே ஆள வேண்டும் என்பது நிபந்தனை. ‘கிளாசிகல்’ என்பதற்கு அந்தப் பட்டியலில் இருந்த சொல் ‘தொன்மை’. ஆகவே கையேட்டில் ‘கிளாசிகல் கித்தார்’ என்பது ‘தொன்மைக் கித்தார்’ ஆயிற்று. நிகழ்ச்சி முடிந்து வெளியே வரும்போது ஒரு பெரியவர் அந்தப் பக்கத்தை விரித்துக் காட்டி, “தம்பி, இந்தக் கித்தார் எத்தனை வருஷத்துப் பழசு?” என்று கேட்டார். அவர் கேட்டதில் தவறே இல்லை. அந்த வாத்தியத்தின் இன்றைய உடலமைப்பு 19ஆம் நூற்றாண்டு ஸ்பெயினில் அந்தோனியோ தெ தோரெஸ் என்னும் கைவினைஞர் வகுத்தது. அதில் கட்டும் நைலான் தந்திகள் 1940களில் வந்தவை. நான் அச்சேற்றிய சொல் அவரை ஏமாற்றிவிட்டது என்ற வருத்தம் இன்னும் எனக்கு உண்டு.

அன்று முதல், ஒற்றைச் சொற்பட்டியல்களை நம்புவதை விட்டுவிட்டுச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகனிடம் திரும்பினேன். 1913இல் தொடங்கிய பணி அது. முதல் பகுதி 1924இல் வெளியாயிற்று, எஸ். வையாபுரிப் பிள்ளை பதிப்பாசிரியராக இருந்த காலத்தில், 1936இல், ஆறு தொகுதிகளும் நிறைவுற்றன. 1939இல் துணைத்தொகுதியும் சேர்ந்தது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்களைக் கொண்ட இந்த அகராதியைச் சிகாகோ பல்கலைக்கழகம் தன் தெற்காசிய மின்னகராதித் தளத்தில் கட்டணமின்றித் தேடும்படி வைத்திருக்கிறது. அச்சுத் தொகுதிகளை நூலகத்தில் புரட்டியும், மேசையில் இருக்கும்போது அந்தத் தளத்தில் தேடியும் பல ஆண்டுகளாகப் பழகியவன் என்ற முறையில் இந்த மதிப்புரையை எழுதுகிறேன். ஓர் அகராதியை முழுமையாக மதிப்பிடுவது யாராலும் ஆகாத காரியம். எனவே, என்னை இடறிய அந்த ஒரு சொல்லையே உரைகல்லாக எடுத்துக்கொண்டேன்.

லெக்சிகனில் எனக்கு மிகவும் பயன்பட்ட பழக்கம் ஒன்று உண்டு. ஒரு சொல்லுக்கு ஆங்கிலத்திலும் தமிழிலும் பொருள் சொன்ன பிறகு, அச்சொல் எந்தத் துறையில் அப்பொருளைப் பெறுகிறது என்பதை, இலக்கணம், இசை, சோதிடம் என்று, சுருக்கக் குறியால் காட்டுகிறார்கள். தேவையான இடத்தில் இச்சொல் இன்ன சொல்லுக்கு எதிரானது என்றும் குறித்துவிடுகிறார்கள். பார்க்கச் சிறிய குறிப்புத்தான். ஆனால் அடைமொழியின் உயிர் அதில்தான் இருக்கிறது. தனியே நிற்கும் அடைமொழிக்குப் பொருள் பாதிதான்; அது எதை விலக்குவதற்காகச் சொல்லப்பட்டது என்று தெரிந்தால் மீதிப் பாதி தானே விளங்கிவிடும்.

‘செம்’ என்னும் அடையையே பாருங்கள். செம்மண், செந்நெல் என்னும்போது அது நிறம். செங்கோல் என்னும்போது நிறத்துக்கு அங்கே வேலை இல்லை. வளைந்தது கொடுங்கோல் என்பதால் நிமிர்ந்தது செங்கோல். அதே முறையில்தான் கொடுந்தமிழுக்கு எதிரே செந்தமிழ் நிற்கிறது. திருக்குறளின் 169ஆம் பாடலில் ‘செவ்வியான்’ என்று வருபவன் ‘அவ்விய நெஞ்சத்தான்’ ஆகிய பொறாமைக்காரனுக்கு எதிரே நிறுத்தப்பட்ட நேர்மையாளன். அதே நூலில் ‘அருஞ்செவ்வி’ என்று வரும்போது (565) செவ்வி என்பது ஆட்சியாளரைக் கண்டு பேசக் கிடைக்கும் சமயம். காமத்தின் ‘செவ்வி’ என்னும்போது (1289) அது தவறவிடக் கூடாத பதம். இன்று நாம் ‘செவ்வியல்’ என்று ஆளும் சொல்லுக்குப் பின்னால் இத்தனை வழக்குகள் வரிசையாக நிற்கின்றன. அவற்றில் பழமை என்ற பொருள் ஒன்றுகூட இல்லை என்பதைக் கண்டபோது எனக்கு வியப்பாக இருந்தது. நேர்மை, பதம், வளையாமை: இவைதாம் அதன் வேர்ப்பொருள்கள்.

‘கிளாசிகல்’ என்பதன் மூலத்திலும் பழமை இல்லை. உரோம நகரில் குடிமக்களைச் சொத்தளவால் வகுத்தபோது முதல் வகுப்பில் இருந்தவர்களுக்கு வழங்கிய பெயர் ‘கிளாசிகஸ்’. கி.பி. 2ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த ஆலஸ் கெல்லியஸ், சொற்பிரயோகத்தில் நம்பத் தகுந்த எழுத்தாளரைக் குறிக்க அச்சொல்லை இலக்கியத்துக்குக் கடன் வாங்கினார். அதற்கு எதிர்ச்சொல்லாக அவர் வைத்தது சொத்தில்லாத கீழ்வகுப்பாரைக் குறிக்கும் ‘புரொலட்டேரியஸ்’. ஆக, தமிழ்ச் சொல்லின் பிறப்பில் நேர்மையும் இலத்தீன் சொல்லின் பிறப்பில் படிநிலையும் இருக்கின்றன. இரண்டையும் ஒன்றாக்கி, அதன் மேல் ‘தொன்மை’ என்று முத்திரை குத்துவது இரண்டுக்கும் செய்யும் அநீதி என்றே கருதுகிறேன்.

இனி, துறைக்குத் துறை எதிர்ச்சொல் எப்படி மாறுகிறது என்று பார்க்கலாம். இயற்பியலில் ‘கிளாசிகல்’ என்பதன் எதிர் குவாண்டம். இயற்பியலாளர் பிளாங்க் 1900இல் ஆற்றலைத் துகள்துகளாகக் கணக்கிட்டுக் குவாண்டம் கருத்தைத் தொடங்கிவைத்த பிறகுதான் அதற்கு முந்திய இயற்பியலைச் சுட்ட ஒரு பெயர் தேவைப்பட்டது. ஆனால் இங்கும் காலம் அளவுகோல் அன்று. ஐன்ஸ்டீன் 1915இல் முடித்த பொதுச் சார்பியலில் குவாண்டம் கருத்து இல்லாததால், அது பிளாங்க்குக்குப் பதினைந்து ஆண்டு பிந்தியிருந்தும் கிளாசிகல் கோட்பாடு என்றே எண்ணப்படுகிறது. இந்த இடத்தில் ‘தொன்மை’ என்று எழுதும் மொழிபெயர்ப்பாளர் மாணவரைத் தவறான வழியில் அனுப்பிவிடுவார். ‘மரபார்ந்த இயற்பியல்’, ‘செவ்வியல் இயற்பியல்’ என்ற இரண்டும் தமிழில் வழங்குகின்றன. முன்னதில் ஓர் இடர் உண்டு: இன்றைய மாணவருக்கு மரபு என்றால் மரபணுவும் மரபியலும்தான் முதலில் நினைவுக்கு வரும். தமிழ் படித்தவருக்கோ மரபியல் என்பது தொல்காப்பியப் பொருளதிகாரத்தின் கடைசி இயல். ஒரே சொல், இரண்டு வகுப்பறைகள். அகராதியில் துறைக்குறி ஏன் வேண்டும் என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குக் கிடைக்கவில்லை.

பொருளியலில்தான் குழப்பம் முற்றுகிறது. ஆடம் ஸ்மித் 1776இல் தொடங்கி வைத்து, ரிக்கார்டோவும் மில்லும் வளர்த்த சிந்தனையைத் ‘தொன்மைப் பொருளியல்’ என்று பாடநூல்களில் எழுதிவருகிறோம். 1870களில் ஜெவன்ஸ், மெங்கர், வால்ரஸ் ஆகியோரிடமிருந்து கிளைத்த அடுத்த நெறிக்கு அதே வழியில் ‘புதிய தொன்மை’ என்று பெயரிட்டோம். புதியது எப்படித் தொன்மையாகும் என்று மாணவர் கேட்டால் ஆசிரியரிடம் விடை இருக்காது. குற்றம் ஆசிரியருடையதும் அன்று. இதற்கிடையில் ஆங்கிலப் பொருளியலாளர் கெயின்ஸ் 1936இல் தம் நூலில், தமக்கு முந்திய மார்ஷல், பிகூ ஆகியோரையும் சேர்த்து ‘கிளாசிகல்’ என்று அழைத்தார். அவருக்கு அச்சொல்லின் எதிர் அவருடைய சொந்தக் கோட்பாடுதான். யார் பேசுகிறார் என்று பார்க்காமல் அங்கே சொல்லைப் பெயர்க்கவே முடியாது.

தொல்காப்பியரிடம் ‘தொன்மை’ தானே ஒரு கலைச்சொல் என்பதையும் சொல்லிவிட வேண்டும். நூலுக்கு உரிய எட்டு வனப்புகளில் அது ஒன்று. உரையோடு கலந்து வரும் பழங்கதை பற்றியது. புதிதாக யாக்கும் வனப்புக்கு அங்கே ‘விருந்து’ என்று பெயர். இப்படிச் செதுக்கிய பொருளுள்ள ஒரு சொல்லை நாம் எல்லாவற்றுக்கும் பொதுவான ஒட்டாக ஆக்கியிருக்கிறோம்.

கிரேக்கச் சிற்பத்தில் கிளாசிகல் என்பது வெறும் காலக்கூறு: பாரசீகப் படையெடுப்பான கி.மு. 480 முதல் அலெக்சாந்தர் இறந்த கி.மு. 323 வரை. கட்டடக் கலையில் அது தூண்களின் இலக்கணம். சென்னையில் 1802இல் கட்டி முடித்த ராஜாஜி மண்டபத்தின் முன் நின்று அந்தத் தூண் வரிசையைப் பார்த்தால், கோல்டிங்ஹாம் என்னும் கம்பெனிப் பொறியாளர் கிரேக்கக் கோயிலின் இலக்கணத்தை நம் ஊர் வெயிலில் நிறுத்திக் காட்டியிருப்பது விளங்கும். இந்த இரண்டு துறைகளிலும் எனக்குப் பெரிய சிக்கல் வந்ததில்லை.

இசையும் நடனமும் அப்படி அல்ல. ஐரோப்பிய இசையில் இச்சொல்லுக்குக் குறுகிய பொருளும் உண்டு, விரிந்த பொருளும் உண்டு. குறுகிய பொருளில் அது ஹைடன், மொசார்ட் காலத்து நடை; எதிரே நிற்பது அடுத்து வந்த ரொமாண்டிக் நடை. விரிந்த பொருளில் எதிரே நிற்பது வெகுசன இசை. அப்போது 20ஆம் நூற்றாண்டு ஸ்ட்ராவின்ஸ்கியும் கிளாசிகலுக்குள் வந்துவிடுகிறார். சென்னை இரசிகருக்குக் கிளாசிகல் என்றால் கர்நாடக இசை. அவர் மனத்தில் அதற்கு எதிராக இருப்பது மெல்லிசை. ‘சாஸ்திரிய சங்கீதம்’ என்ற பழைய வழக்கு விதியைச் சுட்டுகிறது, ‘செவ்விசை’ என்ற புதிய வழக்கு தரத்தைச் சுட்டுகிறது. கையேட்டில் எதை எழுதுவது என்பது அன்றைய மேடையில் என்ன நடக்கிறது என்பதைப் பொறுத்தது.

நடனத்தில் இந்த அடைமொழி ஒரு வேலையையும் செய்திருக்கிறது. சதிர் என்று வழங்கிய ஆட்டம் 1930களில் பரதநாட்டியம் என்ற பெயரோடு சபா மேடைக்கு வந்தபோது ‘சாஸ்திரிய’ என்ற அடையும் ஒட்டிக்கொண்டது. அந்த ஆட்டத்தைத் தலைமுறை தலைமுறையாகக் காத்துவந்த பெண்கள் மேடையிலிருந்து ஒதுங்கவேண்டி வந்ததும் அதே காலத்தில்தான். உரோமில் வகுப்பைக் குறித்த சொல் இங்கும் வகுப்பைக் குறித்தே செயல்பட்டது. இந்தப் பக்கம் அகராதிகளில் வராது; ஆயினும் மொழிபெயர்ப்பவர் மனத்தில் அது இருக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

மொழிக்கு வரும்போது நமக்குச் ‘செம்மொழி’ கைவசம் இருந்தது. 1903இல் மறைந்த பரிதிமாற்கலைஞர் தமிழை உயர்தனிச் செம்மொழி என்று நிறுவ முயன்றார். இந்திய அரசு தமிழைச் செம்மொழி என்று 12 அக்டோபர் 2004 அன்று அறிவிக்கை வெளியிட்டது. செம்மொழிக்கு வேண்டிய பழமை அப்போது ஆயிரம் ஆண்டு என்றிருந்த வரையறை அடுத்த ஆண்டில் 1500 முதல் 2000 ஆண்டு என்று உயர்ந்தது. 2024 அக்டோபரில் ஐந்து மொழிகள் சேர்ந்ததால் பட்டியல் இன்று பதினொன்று. இங்கேதான், இந்த ஒரு துறையில்தான், எத்தனை ஆண்டுப் பழமை என்ற கணக்கு உண்மையிலேயே அளவுகோலாக இருக்கிறது. ‘தொன்மை’ என்ற பெயர்ப்புக்குக் கொஞ்சமாவது நியாயம் உள்ள இந்த இடத்தில் நாம் அதை ஆளவில்லை, நல்ல வேளையாகச் ‘செம்மை’யை ஆண்டோம். இலங்கையில் ‘செந்நெறி’ என்பது இலக்கியத்துக்கும் கலைகளுக்கும் பரவலாக வழங்குகிறது. நெறி என்பதால் அதில் விதியும் வழியும் சேர்ந்தே ஒலிக்கின்றன. நாடகத்தையும் நடனத்தையும் பற்றி எழுதும்போது எனக்கு அது ‘செவ்விய’லைவிடப் பொருத்தமாகப் படுகிறது.

லெக்சிகனின் குறைகளையும் சொல்ல வேண்டும். 1930களோடு நின்றுவிட்ட அகராதி என்பதால், குவாண்டத்துக்கு எதிரான கிளாசிகலையோ கெயின்ஸுக்கு எதிரான கிளாசிகலையோ அதில் தேடிப் பயனில்லை. மேற்கோள் அடிகள் புணர்ச்சி பிரியாமல் இருப்பதால் பழக்கமில்லாதவர் தடுமாறுவார். வடமொழி மூலம் காட்டுவதில் அது காட்டிய ஆர்வத்தைத் தேவநேயப் பாவாணர் கடுமையாகக் கண்டித்தார். சொற்பிறப்பு பற்றிய செய்திகளை அதில் மட்டும் பார்த்து முடிவு செய்ய வேண்டாம் என்று நானும் சொல்வேன். சுருக்கக் குறிகளின் பட்டியலை முதலிலேயே படித்துவிடுவது நல்லது. இல்லாவிட்டால் அகராதியின் பாதிச் செல்வம் கண்ணில் படாது. யாழ்ப்பாண வழக்கைத் தனிக் குறியிட்டுக் காட்டியிருப்பது போன்ற நுட்பங்கள் அந்தப் பட்டியலில்தான் விளங்கும்.

மொழிபெயர்ப்பாளர், பாடநூல் எழுதுவோர், முதுகலைத் தமிழ் மாணவர் ஆகிய மூவருக்கும் இதைத் தயங்காமல் பரிந்துரைக்கிறேன். அறிவியல் கலைச்சொல்லுக்கு உடனடி விடை வேண்டுவோர் வேறு இடம் நாடலாம். ஆனால் கிடைத்த விடையைச் சரிபார்க்க இங்கே ஒருமுறை வந்து போக வேண்டும்.

அந்தக் கையேட்டின் அடுத்த பதிப்புக்குத் திருத்தம் கேட்டபோது, ‘தொன்மைக் கித்தார்’ என்பதை அடித்துவிட்டு, மின்கித்தாருக்கும் எஃகுத் தந்திக் கித்தாருக்கும் எதிரே அதை வேறுபடுத்திக் காட்டும்படி ‘நைலான் தந்திக் கித்தார்’ என்று எழுதிக் கொடுத்தேன்.