காலிக் கோட்டைக்குள் வழிகாட்டியுடன் ஒரு நடை: பணத்துக்குத் தகுமா?

இலங்கையின் தென்கரையிலுள்ள காலி நகரின் கோட்டையை எவரும் கட்டணமின்றித் தாமாகவே சுற்றிப் பார்க்கலாம் என்பதால், வழிகாட்டி ஒருவரை அமர்த்துவது வீண்செலவோ என்ற ஐயத்துடனேயே அங்குள்ள நடைச் சுற்றுலாச் சேவை ஒன்றில் பதிவு செய்தோம். முதற்பாதி அந்த ஐயத்தைப் போக்கியது.

நடை பழைய வாயிலில் தொடங்குகிறது. வெளிமுகப்பில் பிரித்தானிய அரச முத்திரை. உள்ளே சென்று திரும்பிப் பார்த்தால் ஒல்லாந்தக் (டச்சு) கிழக்கிந்தியக் கம்பனியின் முத்திரையும், சேவல் உருவமும், 1669 என்ற ஆண்டும். 1640 இல் போர்த்துக்கேயரிடமிருந்து ஒல்லாந்தர் பிடித்த கோட்டை 1796 இல் பிரித்தானியர் கைக்கு மாறிய வரலாற்றை, அந்த ஒரே வாயிலின் இரு முகங்களைக் காட்டியே வழிகாட்டி விளக்கிவிட்டார். தெருக்களுக்கு அடியில் ஒல்லாந்தர் அமைத்த கழிவுநீர்க் கால்வாய்களைக் கடலின் வற்றுப்பெருக்கே கழுவிச்செல்லும் ஏற்பாட்டையும், 2004 ஆழிப்பேரலை வெளியே பேருந்து நிலையப் பகுதியைச் சூறையாடியபோது மதில்கள் உட்புறத்தைப் பெரிதும் காத்ததையும் கொத்தளத்தில் நின்றபடி கேட்டது பயனுள்ள அனுபவம்.

தெருக்களுக்குள் இறங்கியதும் சரக்குத் தீர்ந்துவிடுகிறது. 1904 இல் கட்டப்பட்ட மீரான் பள்ளிவாசல் பார்வைக்குத் தேவாலயம் போலிருக்கிறது என்ற ஒற்றை வரியோடு அதனைக் கடந்தோம். கோட்டைக்குள் தலைமுறைகளாக வாழ்ந்துவரும் தமிழ் பேசும் முஸ்லிம் குடும்பங்களைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. அதற்குரிய நேரம் ஒரு மாணிக்கக்கல் கடையில், வாங்கும் எண்ணமே இல்லாத எங்கள் முன் நீலக்கற்களை ஒவ்வொன்றாக விளக்கொளியில் பிடித்துக் காட்டுவதில் கழிந்தது. (வழிகாட்டிக்கும் கடைக்கும் உள்ள உறவை ஊகிக்கப் பெரிய அறிவு வேண்டியதில்லை.)

காலி ஏன் தேய்ந்தது என்ற கேள்விக்கும் விடை கிடைக்கவில்லை. நீராவிக் கப்பல்கள் நிலக்கரி ஏற்றிச்சென்ற இந்தத் துறைமுகம், 1875 இல் அடிக்கல் நாட்டப்பட்ட கொழும்பு அலைதடுப்புச் சுவர் எழும்பிய பின்னர் தன் கப்பல்களை அங்கே பறிகொடுத்தது. பழைய வீடுகளை இடித்துப் புதியன கட்டும் அளவுக்கு இங்கே பணம் புரளாமற் போனதால்தான், 1988 இல் யுனெஸ்கோ உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்ப்பதற்கு ஒரு பழைய நகரம் மிஞ்சியிருந்தது என்பது என் கணிப்பு. இதனைச் சொல்லாமல் மரபுரிமை என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொல்வதில் பயனில்லை.

1409 ஆம் ஆண்டுக்குரிய, சீனம், தமிழ், பாரசீகம் ஆகிய மும்மொழிகளிலும் பொறிக்கப்பட்ட கல்வெட்டு காலி நகரில்தான் 1911 இல் கண்டெடுக்கப்பட்டது. கல் இப்போது கொழும்பு அருங்காட்சியகத்தில் இருந்தாலும், தமிழ்க் குழுவினருக்கு அதனை நினைவூட்டாதது பெருங்குறை.

மதிலின் மேல் நிழல் இல்லை. காலை நேரத்தையே கேளுங்கள். கடைகளுக்குள் நுழைய மாட்டோம் என்பதைப் பதிவு செய்யும்போதே சொல்லிவிட்டால், அந்த நேரத்தை வாயிலருகே உள்ள பழைய களஞ்சியக் கட்டடத்தில் இயங்கும் கடல்சார் அருங்காட்சியகத்தில் செலவிடலாம்.