கிறீமா, கஜுவா, தேங்காய்ப்பாலா, எருமைத் தயிரா? பழமும் பனீரும் சேரும் வெள்ளைக் குருமா

மட்டக்களப்பில் மரக்கறி விருந்து என்றால் பருப்பு, கத்தரிக்காய்ப் பால்கறி, பூசணிக்காய், அப்பளம், பாயாசம் என்று ஒரு வரிசை மனத்தில் எழும். மண்டபங்களில் நடக்கும் கல்யாணச் சாப்பாட்டின் வழியாக அந்த வரிசைக்குள் வட இந்திய வெள்ளைக் குருமா ஒன்றும் நுழைந்துவிட்டது. பனீர்த் துண்டு, அன்னாசி, முந்திரிகை வற்றல், பட்டாணி, கரட் எல்லாம் கெட்டியான வெண்ணிறக் குழம்பில் கிடக்கும். நவரத்தின குருமா என்பார்கள். மண்டபத்தில் சாப்பிட்டுவிட்டு வந்து வீட்டில் அதைச் சமைக்க முனைகிறவர்களுக்கு முதலில் எழும் கேள்வி, அந்த வெண்மைக்கும் கெட்டித்தன்மைக்கும் எதை ஊற்றுவது என்பதுதான். ரின் கிறீம், அரைத்த கஜு, தேங்காயின் முதற்பால், சட்டியில் உறைந்த எருமைத் தயிர் என நான்கு வழிகள் நம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கின்றன. நான்கையும் நான்கு வெள்ளிக்கிழமைகளில் ஒரே அளவு பனீரோடு சமைத்துப் பார்த்தேன். எந்தப் பழத்தைப் போடுகிறோம் என்பதைச் சொல்லாமல் இவற்றில் எது சிறந்தது என்று சொல்ல முடியாது என்பதே எனக்குக் கிடைத்த விடை.

இந்தக் குருமா நமக்கு முற்றிலும் அந்நியமானது என்று நினைக்கத் தேவையில்லை. மொகலாயப் பேரரசர் அக்பரின் அவையில் நவரத்தினங்கள் எனப்பட்ட ஒன்பது பேரை நினைவூட்டும் பெயர் என்று சொல்லப்பட்டாலும், இன்று அதில் விழும் அன்னாசியும் கஜுவும் பச்சைமிளகாயும் அமெரிக்கக் கண்டங்களில் தோன்றிப் போர்த்துக்கேயக் கப்பல்களோடு இந்தியக் கரைகளுக்கு வந்தவை. அக்பரின் மகன் ஜகாங்கீர் தம் நினைவுக் குறிப்புகளில் ஆக்ராத் தோட்டத்தில் விளைந்த அன்னாசியை ஒரு புதுமையாகத்தான் குறிப்பிடுகிறார். 1628ஆம் ஆண்டில் மட்டக்களப்பில் கோட்டை கட்டியவர்களும் அதே போர்த்துக்கேயர்கள். அன்னாசி, கஜு என்ற சொற்களும் அவர்களுடைய மொழியிலிருந்து நம் வாய்க்கு வந்தவை. ஆகவே மொகலாயச் சமையலறைக்கும் நம்முடைய அடுப்படிக்கும் இந்தச் சாமான்கள் ஏறத்தாழ ஒரே வழியாகத்தான் வந்து சேர்ந்திருக்கின்றன.

இந்தியச் சமையற் குறிப்புகளைப் பார்த்துச் சமைப்பவர்களுக்கு இடையில் ஓர் எச்சரிக்கை. அங்கே முந்திரி என்றால் நம்முடைய கஜு. இங்கே முந்திரிகை என்றால் அவர்களுடைய திராட்சை. எங்கள் வீட்டில் ஒருமுறை ‘முந்திரி ஐம்பது கிராம் ஊறவைத்து அரைக்கவும்’ என்ற வரியை நம்பி முந்திரிகை வற்றலை ஊறவைத்து அரைத்து, வெள்ளைக் குருமாவுக்குப் பதிலாகக் கபில நிறத்தில் ஓர் இனிப்புக் கூழைப் பெற்றோம்.

பழங்களில் அதிகக் கவனம் கேட்பது அன்னாசிதான். அதில் புரோமெலெயின் என்னும் நொதியம் இருக்கிறது. அது புரதத்தை அறுக்கும். பாலும் தயிரும் பனீரும் புரதம் நிறைந்தவை என்பதால், பச்சை அன்னாசி அவற்றோடு சேர்ந்து நேரம் போகப்போகக் கசப்பு ஏறும். பழம் வெந்து குழையக்கூடாது என்று எண்ணி, முதல் வெள்ளிக்கிழமை நான் அன்னாசித் துண்டுகளைப் பச்சையாகவே, அடுப்பை அணைத்துக் குழம்பு சூடாறிய பிறகு போட்டேன். பத்து மணிக்கு இறக்கிய கறியைப் பகல் சாப்பாட்டுக்குத் திறந்தபோது பனீரின் ஓரங்கள் ஊறிய பாண்போல உதிர்ந்திருந்தன. குழம்பு நீர்த்துப் போயிருந்தது. அடிநாக்கில் மாத்திரை கரைந்ததுபோன்ற ஒரு கசப்பு. இந்த நொதியம் நல்ல சூட்டில் செயலிழந்துவிடும். எனவே துண்டுகளைத் தாச்சியில் ஒரு கரண்டி நெய்விட்டு, சாறு வற்றி ஓரங்கள் பொன்னிறமாகும்வரை ஐந்தாறு நிமிடம் வதக்கிய பிறகே குழம்பில் சேர்க்க வேண்டும். ரின்னில் வரும் அன்னாசி ஏற்கெனவே சூடாக்கப்பட்டது என்பதால் இந்தத் தொல்லை இல்லை. ஆனால் அதன் சீனிப்பாகு குருமாவைக் கெடுத்துவிடும் என்பதால் நன்றாகக் கழுவியே போட வேண்டும்.

மாம்பழத்தில் இந்தச் சிக்கல் இல்லை. கனிந்த பழம் கரைந்து காணாமற் போகும் என்பதால், செங்காய்ப் பருவத்தில் தோல் சீவித் துண்டாக்கிக் கடைசி மூன்று நிமிடத்தில் போட்டால் போதும். முந்திரிகை வற்றல் எதனோடும் சண்டைக்குப் போகாது. பப்பாசிப்பழத்தை நான் சிபாரிசு செய்யமாட்டேன். அப்பிளும் வேண்டாம்; அதற்குக் கொடுக்கும் விலைக்கு அது தரும் சுவை மிகக் குறைவு.

இனி குழம்புக்கு வருவோம். கிறீம் விடுவது எல்லாவற்றிலும் சுலபமானது. வதக்கி அரைத்த வெங்காயத்தில் ஏலக்காய், கறுவா, பச்சைமிளகாய் சேர்த்து, இறக்கும்போது கிறீமை ஊற்றிக் கலக்கினால் மண்டபத்துக் குருமாவின் நிறம் உடனே வந்துவிடும். தனக்கென்று ஒரு வாசனை இல்லாததால் ஏலக்காயும் பழமும் தெளிவாகத் தெரியும் என்பது அதன் நல்ல பக்கம். கொழுப்புக் குறைந்த வகையாக இருந்தால் அன்னாசியின் புளிப்பில் அது திரைந்துபோகக்கூடும் என்பதும், இரண்டு கவளத்துக்கு மேல் திகட்டும் என்பதும் மறுபக்கம். எங்கள் பெரியம்மா முதல் வாய் வைத்ததும், “என்ன புள்ள, பாயாசத்துக்குள்ள பச்ச மிளகாயப் போட்டிரிக்காய்?” என்று கேட்டார். அந்தக் கேள்விக்குப் பிறகு கிறீமைப் பற்றி நான் அதிகம் எழுதுவதற்கில்லை. திடீரென்று இருபது பேர் வந்து நின்றால் அதுதான் கைகொடுக்கும் என்பதை மட்டும் ஒப்புக்கொள்கிறேன்.

கஜு அப்படியல்ல, அது வேலை வாங்கும். நான்கு பேருக்கு இருநூற்றைம்பது கிராம் பனீர் எடுத்தால் அறுபது கிராம் அளவு கஜு தேவைப்படும். முழுக் கஜு வாங்க வேண்டியதில்லை, அரைக்கப் போவதால் உடைந்த கஜுவே போதுமானது. சுடுநீரில் அரை மணித்தியாலம் ஊறவைத்து, வெங்காயத்தை வதக்காமல் அவித்து, இரண்டையும் சேர்த்து, விரலிடையில் தேய்த்தால் மணல் தட்டாத அளவுக்குக் கிரைண்டரில் அரைக்க வேண்டும். வெங்காயம் சற்றே சிவந்தாலும் வெண்மை போய்விடும் என்பதால்தான் இந்த அவியல். கஜுவில் கொழுப்பும் மாப்பொருளும் சேர்ந்தே இருப்பதால் குழம்பு தானாகவே தடிக்கும். புளிப்புப் பட்டாலும் திரைவதில்லை. அன்னாசியோடு வைத்துப் பார்க்கையில் இந்தக் குணமே அதற்கு வெற்றி தேடித் தருகிறது: பழத்தின் புளிப்பு கூர்மையாக நிற்க, கஜுவின் மெல்லிய இனிப்பு அதைத் தாங்கிப் பிடிக்கிறது. குறை என்னவென்றால், கண் சற்று விலகினாலும் அடிப்பிடிக்கும். ஆறினால் களிபோல இறுகும். பரிமாறுவதற்கு முன் சுடவைத்த பாலில் அரைக் கோப்பை ஊற்றி இளக்கிக்கொள்ள வேண்டும். வாகரை, புனானைப் பக்கம் மரமுந்திரிகை, அதாவது இதே கஜு, காய்க்கிற மாவட்டத்தில் இருந்துகொண்டு இந்தக் குருமாவுக்காகக் கிறீம் ரின் தேடிக் கடை கடையாக அலைவது எனக்குச் சற்று வேடிக்கையாகவே படுகிறது.

தேங்காய்ப்பால்தான் நம் எல்லோருடைய முதல் யோசனையாக இருக்கும். எனக்கும் அப்படித்தான் இருந்தது. இரண்டாம் பாலில் மரக்கறியை வேகவைத்து, முதற்பாலை இறுதியில் விட்டு, கொதி வருவதற்கு முன் இறக்கினால் குழம்பு பளபளப்பாக வரும். ஆனால் பாதிச் சமையலில் கை தானாகவே வெந்தயத்தையும் ரம்பையையும் கறிவேப்பிலையையும் தேடிப் போவதைக் கவனித்தேன். அவற்றைப் போட்டால் அது அன்னாசிப் பால்கறி. போடாவிட்டால், ஏலக்காயை அமுக்கிவிடும் தேங்காய் வாசனையோடு, பால்கறியும் ஆகாமல் குருமாவும் ஆகாமல் நிற்கும். பனீரும் தேங்காய்ப்பாலும் தனித்தனியே கொழுப்பானவை. ஒன்றையொன்று தூக்கி நிறுத்துவதில்லை. இடியப்பத்தோடு சாப்பிடுவதென்றால் மட்டும் இந்த வகை மற்ற மூன்றையும் வென்றுவிடுகிறது, ஏனென்றால் இடியப்பச் சிக்கலுக்குள் இறங்கும் அளவுக்கு நீர்மையானது இது ஒன்றுதான். மட்டக்களப்பு வெக்கையில் மாலைவரை வைத்திருக்க முடியாது என்பதையும் கணக்கில் எடுக்க வேண்டும்.

எருமைத் தயிரைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது. வாவிக்கு மேற்கே உள்ள படுவான்கரையிலிருந்தும் அம்பாறைப் பக்கத்திலிருந்தும் மண்சட்டியில் வரும் தயிரைக் கத்தியால் வெட்டி எடுக்கலாம் என்று நாம் பெருமை பேசுவதில் மிகை அதிகம் இல்லை. பசும்பாலில் கொழுப்பு நூற்றுக்கு நான்கு அளவில் இருக்க, எருமைப்பாலில் ஏழு, எட்டு அளவில் இருக்கிறது. அதோடு மண்சட்டியும் நீரை உறிஞ்சிக்கொள்கிறது. வட இந்தியக் குறிப்புகள் ‘தயிரைத் துணியில் கட்டித் தொங்கவிடவும்’ என்று சொல்லும் வேலையை நம் குயவர் முன்கூட்டியே முடித்துவிடுகிறார் என்று சொல்லலாம்.

ஆனாலும் தயிர் சூட்டுக்கு அஞ்சும் பொருள். கொதிக்கும் குழம்பில் அப்படியே கொட்டினால் புரதம் இறுகித் திரள, நீர் தனியே பிரிந்து, மேலே வெள்ளைத் துகள்கள் மிதக்கும். இரண்டு கோப்பைத் தயிருக்கு ஒரு மேசைக்கரண்டி கடலைமாவைச் சேர்த்துக் கட்டியில்லாமல் அடித்து, குழம்பில் ஓர் அகப்பை எடுத்து முதலில் தயிருக்குள் விட்டு அதைச் சூட்டுக்குப் பழக்கி, பின்னர் எல்லாவற்றையும் தாச்சியில் ஊற்றி, மெல்லிய தணலில் ஒரே திசையில் கிண்டிக்கொண்டிருந்தால் திரையாது. உப்பைக் கடைசியில் போடுவது நல்லது. முக்கியமாக, அன்றைக்கு உறைந்த தயிராக இருக்க வேண்டும். ஒரு நாள் வெளியில் இருந்த தயிரின் புளிப்பை எந்த ஏலக்காயாலும் மறைக்க முடியாது.

அந்தத் தயிரில் அன்னாசியைப் போட்டபோது புளிப்போடு புளிப்பு மோதி, சீனி போட்டுச் சமாதானம் செய்ய வேண்டியதாயிற்று. மாம்பழத்தைப் போட்டபோது நிலைமை முற்றிலும் வேறு. சோற்றில் தயிரும் மாம்பழமும் பிசைந்து சாப்பிட்டு வளர்ந்த நாக்குக்கு அந்தச் சேர்க்கையை யாரும் அறிமுகப்படுத்தத் தேவையில்லை. மலையாளிகளும் மாம்பழப் புளிசேரி என்று தயிரில் மாம்பழத்தை இட்டுக் குழம்பு வைக்கிறவர்கள்தான். சற்றே புளித்த தயிர்க் குழம்பில் பனீரின் வெறுமையான பால்சுவை தெளிவாக நின்றது. கிறீமில் மூழ்கிய பனீர் இருப்பதே தெரியாமல் கிடந்ததை அப்போதுதான் உணர்ந்தேன்.

பனீரைப் பொறுத்தவரை ஒப்பீட்டுக்கு அதிக இடமில்லை. கடையில் முக்கோணத் துண்டாகவோ சதுரக் கட்டியாகவோ கிடைக்கும் சீஸ், உருகுவதற்கென்றே உப்புகள் சேர்த்துப் பதப்படுத்தப்பட்டது. குழம்பில் போட்ட ஐந்தாம் நிமிடம் துண்டு மறைந்து, குழம்பு உவர்ப்பேறிப் பசையாகிவிடும். பனீர் புளிப்பால் திரைக்கப்பட்டது என்பதால் எவ்வளவு கொதித்தாலும் உருகாது. நகரத்துச் சுப்பர்மார்க்கெட்டில் உறைநிலையில் கிடைக்கும் பனீரைவிட வீட்டில் செய்வது மென்மையாகவும் மலிவாகவும் அமைகிறது. ஒரு லீற்றர் புதுப்பாலைக் கொதிக்கவைத்து இறக்கி, இரண்டு மேசைக்கரண்டி தேசிக்காய்ப் புளியைச் சிறிது சிறிதாக விட்டால், பால் திரண்டு பச்சை சாயலுள்ள நீர் பிரியும். துணியில் வடித்து, புளிப்புப் போகக் குளிர்நீரில் அலசி, முறுக்கிக் கட்டி, அம்மிக் குழவியை மேலே வைத்து முக்கால் மணித்தியாலம் விட்டால் பசும்பாலில் இருநூறு கிராமுக்குள்ளும், எருமைப்பாலில் அதைவிடச் சற்றுக் கூடுதலாகவும் கட்டி கிடைக்கும். பெட்டியில் அடைத்து நீண்ட நாள் வைக்கும் பாலில் செய்தால் உதிர்ந்து போகிறது. வடிந்த நீரைக் கொட்டாமல் ரொட்டிமா குழைக்க எடுத்துக்கொள்ளலாம். கஜுக் குழம்பை இளக்கவும் அது உதவும்.

ஆகவே என் வீட்டில் அன்னாசி வாங்கிய நாளில் கஜு அரைபடும். பராட்டாவும் நெய்ச்சோறும் அதற்குத் துணை. வளவில் மாங்காய் செங்காயாகும் காலத்தில் தயிர்ச் சட்டி வரும். அதற்கு வெள்ளைச் சோறு மட்டும் போதும். நான்காவது வெள்ளிக்கிழமை பெரியம்மா தானாகவே இரண்டாவது அகப்பை கேட்டு வாங்கியது இந்தத் தயிர்க் குருமாவில்தான். எழுந்து கைகழுவப் போனபோது பார்த்தேன்: மாம்பழத்தையும் குழம்பையும் துடைத்தெடுத்துவிட்டு, பனீர்த் துண்டுகளை மட்டும் கோப்பையின் ஓரத்தில் வரிசையாக ஒதுக்கி வைத்திருந்தார்.