கிராக் கேமா, சேல்ல வாங்குறதா?
ஏலே, ரெண்டையும் பாத்தவன் சொல்லுதேன். கிராக்னா பூட்ட ஒடச்ச திருட்டு கேமு, ஓசிதான், ஆனா ராத்திரி பூரா டவுன்லோடு போட்டு, ஆன்டிவைரஸ ஆஃப் பண்ணுன்னு போட்டிருந்தான், பண்ணுனேன், விடிஞ்சு பாத்தா ஃபேன் பம்புசெட்டு மாதிரி இரையுது, உள்ள எவனோ நம்ம கம்ப்யூட்டர வச்சு அவனுக்கு கிரிப்டோ காசு சம்பாதிக்குற காயின் மைனர சொருகிட்டான், அக்கா கல்யாண போட்டோவோட சேத்து ஃபார்மட் அடிச்சேன், அவ இன்னும் ஏசுதா.

ஸ்டீம்ங்குற ஆன்லைன் கேம் கடைல சேல் வாரப்ப வாங்குனா, புடிக்கலன்னா 14 நாளைக்குள்ள, 2 மணி நேரத்துக்கு மேல ஆடாம இருந்தா துட்டு திரும்ப வாங்கிரலாம். அங்கயும் கடுப்பு உண்டு, 2014ல ஃபிஃபா 15 கேம்ல வந்த, காப்பியடிக்க விடாத டெனுவோ பூட்டு மாதிரி, துட்டு குடுத்தவனுக்குத்தான் எடைஞ்சலு, நெட்டு போனா சிலது தொறக்கவே செய்யாது. ஜிஓஜின்னு இன்னொரு கேம் கடைல அந்தப் பூட்டே கெடையாது, விட்சர் 3 கேம அங்கதான் வாங்குனேன், செட்டப்ப பென்டிரைவ்ல போட்டு அம்பாசமுத்திரத்துல ஆச்சி வீட்டுக்கு கொண்டு போனேன், நெட்டே இல்லாம ஓடுச்சுல.